தென்மதுரை ஏன் அறிவியல் புனைகதை ஆகவில்லை?

மதுரைக்காரர் ஒருவரிடம் "உங்க ஊர் எங்க இருக்கு?" என்று கேளுங்கள், வைகைக் கரையைக் காட்டுவார். "அதுக்கு முந்தின மதுரை?" என்று கேளுங்கள், தெற்கே கை நீட்டிக் கடலுக்குள் இருக்கு என்பார். கடலோ ஊரிலிருந்து ஏறத்தாழ நூறு கிலோமீட்டர் தள்ளி. ஆனாலும் கடல்கொண்ட தென்மதுரை இங்கே டீக்கடைப் பேச்சு வரைக்கும் வந்துவிட்ட விஷயம்.

தமிழில் அறிவியல் புனைகதை பற்றிக் கொஞ்ச நாளாகக் குறிப்பெடுத்து வருகிறேன். இந்தப் பேச்சு வழக்கமாக சுஜாதாவில் தொடங்கி சுஜாதாவிலேயே முடியும். எனக்கு அதற்கு முன்னால் ஒரு கேள்வி இருக்கிறது. காணாமல் போன நிலம், அழிந்துபோன நாகரிகம், கடலடியில் ஒரு நகரம்: இந்த வகை எழுத்துக்கு இதைவிட நல்ல கரு எந்த மொழிக்குக் கிடைக்கும்? அப்படியிருந்தும் தென்மதுரை ஏன் நமக்கு ஒரு நல்ல அறிவியல் புனைகதையாக ஆகவில்லை?

முதலில் மூலத்தைப் பார்த்துவிடலாம். மூன்று சங்கங்களின் கதையை விரிவாகச் சொல்வது இறையனார் அகப்பொருள் உரை. தலைச்சங்கம் தென்மதுரையில் 4440 ஆண்டு, 89 பாண்டியர்கள். இடைச்சங்கம் கபாடபுரத்தில் 3700 ஆண்டு, 59 பாண்டியர்கள். கடைச்சங்கம் இன்றைய மதுரையில் 1850 ஆண்டு, 49 பாண்டியர்கள். பேப்பரும் பேனாவும் எடுத்து வகுத்துப் பாருங்கள். தலைச்சங்க அரசர் ஒவ்வொருவரும் சராசரி 50 ஆண்டு ஆண்டிருக்க வேண்டும். இடைச்சங்கத்தில் அது கிட்டத்தட்ட 63! இன்னொரு வேடிக்கை: 4440, 3700, 1850 மூன்றுமே 37இன் மடங்குகள். 120 தடவை, 100 தடவை, 50 தடவை.

இதை வைத்து "எல்லாம் பொய்" என்று சொல்ல வரவில்லை. அரசாங்கப் பதிவேட்டில் இப்படி எண்கள் வராது என்றுதான் சொல்கிறேன். ஒரு உலகத்தை உட்கார்ந்து கட்டுகிறவர்தான் இப்படி எழுதுவார். அடியார்க்கு நல்லார் சிலப்பதிகார உரையில் கடல்கொண்ட நிலத்துக்கு எழுநூறு காவத அளவு சொல்லி, ஏழ்தெங்க நாடு, ஏழ்மதுரை நாடு என்று ஏழேழாக 49 நாடுகளை அடுக்குகிறார். இன்றைக்கு எழுதியிருந்தால் புத்தகத்தின் முதல் பக்கத்தில் வரைபடமே போட்டிருப்பார்.

சரி, இதில் அறிவியல் எப்போது வந்து சேர்ந்தது?

1864இல். பிலிப் ஸ்கிலேட்டர் என்ற ஆங்கிலேய விலங்கியலாளர் மடகாஸ்கரின் பாலூட்டிகள் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். லெமூர் என்ற குரங்கின உயிர் மடகாஸ்கரில் நிறைய இருக்கிறது. அதன் உறவுக்கார விலங்குகள் நடுவில் இத்தனை கடலைத் தாண்டி இந்தியாவில் எப்படி வந்தன? ஒரு காலத்தில் நடுவே நிலம் இருந்திருக்க வேண்டும் என்று ஊகித்து, அதற்கு லெமூரியா என்று பெயர் வைத்தார். அந்த உறவுக்காரர் நமக்குத் தெரிந்தவர்தான், தேவாங்கு. மதுரையிலிருந்து திண்டுக்கல் தாண்டினால் அய்யலூர்க் காடுகளில் இன்னும் இருக்கிறது. திண்டுக்கல், கரூர் மாவட்டங்களில் 2022இல் அறிவிக்கப்பட்ட கடவூர் தேவாங்கு சரணாலயம் இந்தியாவிலேயே முதலாவது.

அதே 1864இல் பாரிஸில் ஜூல் வெர்ன் ஒரு நாவல் வெளியிட்டார். ஒரு பேராசிரியரும் அவர் மருமகனும் ஐஸ்லாந்தின் எரிமலை வாய் வழியாகப் பூமிக்குள் இறங்குகிறார்கள். உள்ளே ஒரு கடல், அதில் அழிந்துபோன விலங்குகள். பூமியின் உட்பகுதி கொதிக்குமா, கொதிக்காதா என்று மாமாவும் மருமகனும் வழியெல்லாம் சண்டை போடுகிறார்கள். அன்றைய விஞ்ஞானிகள் போட்ட அதே சண்டை!

ஒரே ஆண்டில் பிறந்த இந்த இரண்டின் தலைவிதி என்ன ஆனது என்று பாருங்கள்.

வெர்னின் புவியியல் தவறு என்று பள்ளிப் பிள்ளைக்கும் தெரியும். ஆனால் நாவலை இன்னும் படிக்கிறார்கள். லெமூரியாவை 1960களில் நிலத்தட்டுக் கொள்கை முடித்துவைத்தது. நிலம் மூழ்கவில்லை, கண்டங்களே நகர்ந்தன. விலங்குகள் பரவியதை விளக்க மூழ்கிய கண்டம் தேவைப்படவே இல்லை.

இடைப்பட்ட நூறு ஆண்டில்தான் நம் கதை லெமூரியாவோடு கைகோத்தது. மதுரைக்குப் பக்கத்து விளாச்சேரியில் பிறந்த பரிதிமாற்கலைஞர் 1903இல் தம் 'தமிழ் மொழியின் வரலாறு' நூலில் குமரிநாடு என்ற பெயரை எடுத்தாண்டார். பிறகு குமரிநாடு குமரிக்கண்டமாக வளர்ந்தது. பழைய உரையாசிரியர் சொன்னதை வெள்ளைக்கார விஞ்ஞானியும் சொல்லிவிட்டார் என்ற மகிழ்ச்சி, அடிமை நாட்டில் இருந்தவர்களுக்குப் பெரிய தெம்பு. அதை நாம் இன்று கேலி செய்யக் கூடாது. 1981இல் மதுரையில் ஐந்தாம் உலகத் தமிழ் மாநாடு நடந்தபோது, ப. நீலகண்டன் இயக்கி தமிழக அரசு எடுத்த குமரிக்கண்டம் ஆவணப்படம் திரையிடப்பட்டது. கண்டப் பெயர்ச்சியையும் மூழ்கிய கண்டத்தையும் ஒன்றாகச் சேர்த்துக் காட்டிய படம் அது. விஞ்ஞானம் ஏற்கெனவே கைவிட்டிருந்த கருத்து, அப்போதும் விஞ்ஞானம் என்ற பெயரிலேயே மேடையில் நின்றது.

இங்கேதான் அறிவியல் புனைகதை என்றால் என்ன என்ற கேள்வி உதவுகிறது. ராக்கெட் வந்தால் அறிவியல் கதை என்று நினைக்கிறோம். டார்க்கோ சுவின் என்ற விமர்சகர் 1970களில் வேறு அளவுகோல் தந்தார். நம் உலகில் இல்லாத ஒரு புதுப்பொருளைக் கதை கொண்டுவர வேண்டும். அது அறிவுக்குப் பொருந்தும் தர்க்கத்தோடு நடக்க வேண்டும். அதன் வழியாக நம் உலகமே நமக்கு அந்நியமாகத் தெரிய வேண்டும். இதில் சொல்லாமல் விட்ட நிபந்தனை ஒன்று உண்டு: இது புனைவு என்று எழுதுகிறவருக்கும் படிக்கிறவருக்கும் தெரிந்திருக்க வேண்டும். அந்த ஒப்பந்தம் இருப்பதால்தான் விஞ்ஞானம் மாறினாலும் கதை சாவதில்லை. நாம் அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடவில்லை. தென்மதுரையை நிரூபிக்கப் போனோம்.

கதையாக்கிப் பார்த்தவர்கள் இல்லாமல் இல்லை. புதுமைப்பித்தன் 'கபாடபுரம்' என்றே ஒரு சிறுகதை எழுதினார். மேரி ஷெல்லியின் 'ஃபிராங்கன்ஸ்டைன்' நாவலை 'பிரேத மனிதன்' என்று தமிழுக்குக் கொண்டுவந்ததும் அவரேதான். 1818இல் வந்த அந்த நாவல்தான் முதல் அறிவியல் புனைகதை என்று பிரையன் ஆல்டிஸ் வாதிட்டது 1973இல். இரண்டு சரக்கும் ஒரே எழுத்தாளர் மேசையில் இருந்திருக்கின்றன! ஆனால் அவருடைய கபாடபுரம் மாயக்கதையாகவே நின்றது. நா. பார்த்தசாரதியின் 'கபாடபுரம்' சரித்திர நாவலானது. சுஜாதா 'என் இனிய இயந்திரா'வில் ஜீனோ என்ற இயந்திர நாயோடு எதிர்காலத்துக்குப் போனார். ஜெயமோகன் 'விசும்பு' தொகுப்பில் சித்த மருத்துவம் போன்ற நம் அறிவு மரபுகளை வைத்து எழுதிப் பார்த்தார். கடல்கொண்ட ஊர் மட்டும் காத்துக்கொண்டே இருக்கிறது.

இத்தனைக்கும் இன்றைய விஞ்ஞானம் நல்ல கருவைக் கையில் தருகிறது. சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன், பனியுகத்தின் உச்சத்தில், கடல்மட்டம் இன்றைக்கு இருப்பதைவிட ஏறத்தாழ 120 மீட்டர் கீழே இருந்தது. ராமேஸ்வரத்துக்கும் தலைமன்னாருக்கும் நடுவே நடந்தே போகலாம். பிறகு பனி உருக உருகக் கடல் மெல்ல ஏறியது. கண்டம் எதுவும் மூழ்கவில்லை. ஆனால் கரையோரம் இருந்தவர்கள் தாத்தா வேட்டையாடிய இடத்தில் பேரன் மீன் பிடிப்பதைப் பார்த்திருப்பார்கள். சங்கமும் புலவரும் அப்போது கிடையாது. எழுத்தே கிடையாது. அந்த நினைவு எப்படி, எந்த வாய் வழியாகக் கைமாறும்? எத்தனை தலைமுறை தாங்கும்? இது முழுக்க முழுக்க அறிவியல் புனைகதைக்கான கேள்வி.

தென்மதுரையைக் கதை என்று சொன்னால் மரபைச் சிறுமைப்படுத்துவதாகச் சிலருக்குக் கோபம் வரும். எனக்கு நேர்மாறாகத் தோன்றுகிறது. மதுரையின் பழமைக்குச் சான்று வேண்டுமா, பக்கத்தில் கீழடி மண்ணுக்குள்ளேயே கிடைத்துக்கொண்டிருக்கிறது. அந்தச் சுமையைத் தென்மதுரையின் தலையில் ஏற்றி வைக்க வேண்டாம். அதை இறக்கிவிட்டால், அந்த உரையாசிரியர்களை நம் முதல் உலகப் படைப்பாளிகளாகப் படிக்கலாம்.

யாராவது எழுதுங்கள். மதுரைக்காரர் எழுதினால் இன்னும் சந்தோஷம்.