ரோமாபுரிக்கு ஒரு சுரங்கப்பாதை

1788 ஜூலை மாதம் வட கரோலினா மாநிலத்தின் பிரதிநிதிகள் கூடினர். புதிய அமெரிக்க அரசியல் யாப்பை ஏற்பதா, விடுவதா என்பதே அவர்கள் முன்னிருந்த கேள்வி. எந்த அரச பதவிக்கும் சமயத் தகுதி கோரப்படலாகாது என்று அந்த யாப்பின் ஆறாம் உறுப்புரை விதித்திருந்தது. பலரை அச்சுறுத்தியதும் அதுவே. இன்னும் நானூறு, ஐந்நூறு ஆண்டுகளில் ஜனாதிபதிக் கதிரையில் ஒரு கத்தோலிக்கர் அமரலாம், ஒரு முஸ்லிமும் அமரலாம் என்று எச்சரித்தார் வில்லியம் லங்காஸ்டர் என்ற பிரதிநிதி. இரு சமூகத்தவரையும் அவர் ஒரே மூச்சில் குறிப்பிட்டார்.

கத்தோலிக்கர் ஒருவர் ஜனாதிபதியாகத் தெரிவாவதற்கு அதன் பின்னர் 172 ஆண்டுகள் சென்றன. சட்டம் திறந்துவைத்த கதவை வாக்காளரின் மனம் எவ்வளவு காலம் மூடிவைத்திருக்கும் என்பதை அந்த ஆண்டுகள் சொல்கின்றன.

இங்கிலாந்திலிருந்து சென்று குடியேறியவர்கள் புரட்டஸ்தாந்தினருக்கும் கத்தோலிக்கருக்கும் இடையிலான பழம்பகையையும் உடன் கொண்டுசென்றனர். கத்தோலிக்கர் மீதான முதன்மையான குற்றச்சாட்டு வழிபாடு பற்றியதன்று, நாட்டுப்பற்றுப் பற்றியது. ரோமிலிருக்கும் பாப்பரசருக்குக் கீழ்ப்படிபவர் இந்நாட்டுக்கு எவ்வாறு உண்மையாயிருப்பார் என்று கேட்டார்கள். 1834இல் மசாசூசெட்ஸ் மாநிலத்தின் சார்ள்ஸ்டவுனில் கன்னியர் மடமொன்று எரிக்கப்பட்டது. 1844இல் பிலடெல்பியாவில், பாடசாலைகளில் பைபிள் வாசிப்பது தொடர்பான சர்ச்சை கலவரமாகி இரு தேவாலயங்கள் சாம்பலாயின. அயர்லாந்தின் பஞ்சத்துக்குத் தப்பிவந்த ஏழைக் கத்தோலிக்கர் பெருகியபோது அவர்களுக்கெதிராக ஒரு கட்சியே வளர்ந்தது. 1856 ஜனாதிபதித் தேர்தலில் அக்கட்சியின் வேட்பாளர் மில்லார்ட் பில்மோர் நூற்றுக்கு 21க்கும் அதிகமான வாக்குகளைப் பெற்றார். அவர் வென்ற ஒரே மாநிலம் மேரிலன்ட். கத்தோலிக்கரின் புகலிடமாகத் தோற்றுவிக்கப்பட்ட மண் அது!

இந்த அச்சத்துக்கு எவ்வித ஆதாரமும் இருக்கவில்லை என்று சொல்வதும் நியாயமாகாது. அரசும் திருச்சபையும் பிரிந்திருக்க வேண்டும் என்ற கருத்தைத் தவறானதென்று பாப்பரசர் ஒன்பதாம் பயஸ் 1864இல் கண்டித்திருந்தார். சமய சுதந்திரத்தைத் திருச்சபை முறைப்படி ஏற்றுக்கொண்டது 1965இல்தான். ஆயினும் ரோமின் ஏட்டிலிருந்தது நியூயோர்க்கின் ஒவ்வொரு கத்தோலிக்கத் தொழிலாளியின் நெஞ்சிலும் இருப்பதாகக் கொண்டது அநீதியே.

அந்த அநீதியை முழுமையாக அனுபவித்தவர் அல் ஸ்மித். நியூயோர்க்கின் ஆளுநராக நான்கு முறை தெரிவான அவர், பெரிய கட்சியொன்று ஜனாதிபதித் தேர்தலில் நிறுத்திய முதற் கத்தோலிக்கர். 1928இல் அவரது ரயில் ஒக்லஹோமாவுக்குள் சென்றபோது கு குளுக்ஸ் கிளான் மூட்டிய சிலுவைகள் வழியில் எரிந்தன. நியூயோர்க்கையும் நியூ ஜேர்சியையும் இணைக்க ஹட்சன் நதிக்கடியில் முந்திய ஆண்டு ஹொலன்ட் சுரங்கப்பாதை திறக்கப்பட்டிருந்தது. அதன் படத்தைக் காட்டி, இது பாப்பரசரை அழைத்துவர ரோமாபுரி வரை வெட்டப்படுகிறது என்று கதை பரப்பினர். நம்புவதற்கும் ஆட்கள் இருந்தனர். ஸ்மித்தை 444க்கு 87 என்ற தேர்வாளர் வாக்குகளால் ஹூவர் தோற்கடித்தார். அன்றைய பொருளாதாரச் செழிப்பும் மதுவிலக்குப் பிரச்சினையும் தோல்விக்குக் காரணங்களே. ஆனால் சமயம் இல்லாமல் அத்தேர்தலை விளக்க முடியாது.

1960இல் ஜோன் எப். கென்னடி வேறு வழியை நாடினார். செப்டம்பர் 12ஆந் திகதி ஹூஸ்டன் நகரில் புரட்டஸ்தாந்துப் போதகர்கள் முன் நின்று, திருச்சபை தனக்கு ஆணையிடாது என்றும், மனச்சாட்சிக்கும் தேச நலனுக்கும் இடையே முரண்பாடு எழுந்தால் பதவி விலகுவேன் என்றும் அறிவித்தார். சுமார் 6 கோடி 88 இலட்சம் வாக்குகளில் 1 இலட்சத்து 20 ஆயிரத்துக்கும் குறைந்த வித்தியாசத்தில் வென்றார். சமயம் அவரிடமிருந்து வாக்குகளைப் பறித்தது. கத்தோலிக்கரில் நான்கில் மூவருக்கும் அதிகமானோரை அவர்பால் திருப்பியதும் அதுவே.

இந்த வெற்றிக்குக் கொடுக்கப்பட்ட விலை கவனிக்கத்தக்கது. 1928இல் ஹூவரும் 1960இல் நிக்சனும் குவேக்கர்கள். போரையே மறுக்கும் மரபு குவேக்கர்களுடையது. முப்படைகளின் தளபதியாகப் போகும் அவர்கள் எவருமே அதற்காகக் கென்னடியைப் போல் போதகர்கள் முன் நின்று உறுதிமொழி கூற நேரவில்லை. பெரும்பான்மைக்கு அந்நியமாய்த் தெரிபவரிடமே விசுவாசத்துக்கு அத்தாட்சி கேட்கப்படுகிறது.

2020இல் ஜோ பைடன் இரண்டாவது கத்தோலிக்க ஜனாதிபதியாகத் தெரிவானபோது பாப்பரசரின் சுரங்கப்பாதை பற்றி எவரும் பேசவில்லை. அதற்குள் சந்தேகம் இடம் மாறியிருந்தது. 2008இல் பராக் ஒபாமா இரகசிய முஸ்லிம் என்ற வதந்தி பரப்பப்பட்டது. அவர் கிறிஸ்தவர் என்பது உண்மை, ஆனால் முஸ்லிமாக இருந்தால்தான் என்ன என்று பகிரங்கமாகக் கேட்டவர் கொலின் பவல். 2012இல் ஜனாதிபதி வேட்பாளராக முயன்ற நியூட் கிங்ரிச், ஷரீஆவைக் கைவிடுவதாகப் பகிரங்கமாக உறுதியளிக்கும் முஸ்லிம் வேட்பாளரையே தன்னால் ஆதரிக்க முடியும் என்றார். கிங்ரிச் 2009இல் கத்தோலிக்க மதத்தைத் தழுவியவர். கென்னடியிடம் கோரப்பட்ட அதே உறுதிமொழியை ஒரு கத்தோலிக்கரே இன்னொருவரிடம் கோரினார்.

இன்று கத்தோலிக்கரை நோக்கி நீளும் சந்தேக விரல் நாளை வேறொருவரை நோக்கி நீளலாம் என்று ஹூஸ்டனில் கென்னடி எச்சரித்திருந்தார். யூதர், குவேக்கர், யூனிட்டேரியர், பப்டிஸ்ட்கள் என்று அவர் பெயர்களை அடுக்கினார். லங்காஸ்டர் 1788இலேயே சொன்ன பெயர் அந்தப் பட்டியலில் இருக்கவில்லை.