சரயேவோ வழியாகக் கமுதி

டிஸ்கி: பதிவு கொஞ்சம் நீளம். சாதிப் பேச்சும் வரும். சண்டை போடுறவங்க கடைசி வரைக்கும் படிச்சிட்டு வந்து போடவும் :-)

போன வருஷம் ஜெர்மனியில் ஆணி பிடுங்கிக்கொண்டிருந்தபோது சேர்ந்தாற்போல ஒரு வாரம் லீவு கிடைத்தது. டீமில் இன்னொரு தமிழன் உண்டு. பேர் வேண்டாம், கமுதிக்காரன் என்று வைத்துக்கொள்வோம். அவன்தான் அந்த விளம்பரத்தைக் காட்டினான். ஏழு நாள், நாலு நாடு. பஸ், ஓட்டல், காலைச் சாப்பாடு, கைடு எல்லாம் சேர்த்து ஒரே ரேட். குரோஷியாவின் டுப்ரோவ்னிக்கில் ஏறினால் மாண்டினீக்ரோ, போஸ்னியா வழியாக செர்பியாவின் பெல்கிரேடில் இறக்கிவிடுவார்கள். 1991 வரைக்கும் இது அத்தனையும் யூகோஸ்லாவியா என்கிற ஒரே நாடு. இப்போது ரெண்டு மணி நேரத்துக்கு ஒரு செக்போஸ்ட்.

பேக்கேஜ் டூர் எப்படி இருக்கும் என்று உங்களுக்கே தெரியும். குடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு கைடு முன்னால் போவார், நாற்பது பேர் ஆட்டு மந்தை மாதிரி பின்னால் போவோம். சர்ச், கோட்டை, பாத்ரூம், சாப்பாடு. அதையெல்லாம் எழுதி உங்களை மொக்கை போடப்போவதில்லை. எனக்குள் ஒட்டிக்கொண்டது வேறு ஒன்று.

ஒவ்வொரு ஊரிலும் அடி விழுந்த இடத்தைக் காட்டுகிறார்கள். டுப்ரோவ்னிக் கோட்டை வாசலில் ஒரு மேப் மாட்டியிருக்கிறது. 1991-92-ல் எந்தக் கூரையில் குண்டு விழுந்தது, எந்த வீடு எரிந்தது என்று புள்ளி வைத்துக் குறித்த மேப். மோஸ்டாரில் 1566-ல் துருக்கியர்கள் கட்டிய ஒற்றை வளைவுப் பாலம் ஒன்று இருந்தது. 1993 நவம்பர் 9-ஆம் தேதி குரோஷியப் படையினர் அதைச் சுட்டு ஆற்றில் தள்ளினார்கள். 2004-ல் அதே மாதிரி திரும்பக் கட்டிவிட்டார்கள். பாலத்துப் பக்கத்தில் ஒரு கல், அதில் '93-ஐ மறக்காதே' என்று பெயிண்டில் எழுதியிருக்கிறது. சரயேவோவில் ஷெல் விழுந்து ஆள் செத்த இடங்களில், ரோட்டுப் பள்ளத்தில் சிவப்புப் பிசின் ஊற்றி வைத்திருக்கிறார்கள். பார்க்க ரோஜாப்பூ மாதிரி இருக்கும். 1,425 நாள் முற்றுகையில் இருந்த ஊர் அது.

சரயேவோவில் லத்தீன் பாலம் என்று ஒன்று. நம்ம பத்தாம் கிளாஸ் சமூக அறிவியலில் வருமே, 1914 ஜூன் 28, ஆஸ்திரிய இளவரசர் கொலை, முதல் உலகப்போர். அதன் முனையில்தான் நடந்தது. எனக்கு அந்தத் தேதி தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் வரும். ரெண்டு மார்க் :-) சுட்டவன் பேர் காவ்ரிலோ பிரின்சிப். யூகோஸ்லாவியா இருந்தவரை அவன் வீரன், பாலத்துக்கே அவன் பேர்தான். அவன் நின்ற இடத்தில் பாதச்சுவடு கூடப் பதித்து வைத்திருந்தார்களாம். போருக்கு அப்புறம் பாலம் பழைய பேருக்கே திரும்பிவிட்டது. இப்போதைய கல்வெட்டு வீரன் என்றும் சொல்லவில்லை, கொலைகாரன் என்றும் சொல்லவில்லை.

அங்கே எங்களுக்குக் கைடாக வந்த அம்மாவுக்கு ஐம்பது வயசு இருக்கும். முற்றுகை நேரத்தில் பள்ளிக்கூடப் பிள்ளையாம். நீங்க ரெண்டு பேரும் ஒரே ஊரா என்று கேட்டார். அவன் ஊருக்கும் என் ஊருக்கும் நடுவில் ஒரு மணி நேரம், ரெண்டு மணி நேரம்தான் என்றேன். என் ஊரில் என்ன விசேஷம் என்றார். பட்டாசு. அந்தம்மா முகம் கொஞ்சம் சுருங்கியது. புத்தாண்டு வேட்டுச்சத்தமே எனக்கு இன்னும் ஆகாது, உங்க ஊர்ல எப்படித் தூங்குறீங்க என்றார். சத்தம் கேட்டா திருவிழாவா விபத்தான்னு மணியைப் பார்த்துக் கண்டுபிடிப்போம் என்றேன். ஜோக்காகத்தான் சொன்னேன். யாரும் சிரிக்கவில்லை.

அப்புறம் இயல்பாக ஒரு கேள்வி கேட்டார். "உங்க ஊர்ல இப்படி எதுவும் நடந்தது இல்லையா?"

நான் "இல்லை" என்று சொல்ல வாயைத் திறந்தேன். கமுதிக்காரன் என்னைப் பார்த்தான்.

எங்க ஆச்சிக்கு ரெண்டே காலம்தான். "கொள்ளைக்கு முந்தி", "கொள்ளைக்குப் பிந்தி". இந்தக் கிணறு எப்ப வெட்டினது என்று கேட்டால் கொள்ளைக்குப் பிந்தி என்பாள். அவளே பார்த்ததில்லை, அவள் ஆச்சி சொல்லிக் கேட்டது. சின்ன வயதில் அதை நான் காலரா மாதிரி ஏதோ கொள்ளைநோய் என்று நினைத்திருந்தேன். ராத்திரி ரூமில் இதைச் சொன்னேன். கமுதிக்காரன் ரொம்ப நேரம் கழித்துச் சொன்னான். "எங்க பூட்டன் கூடப்பிறந்தவரு அந்த வருஷம் ஜெயிலுக்குப் போனாராம்டா. திரும்பி வரலை. எங்க வீட்ல அதைக் கொள்ளைன்னு சொல்ல மாட்டாங்க. கேசுன்னு சொல்வாங்க."

நாலு வருஷமா ஒரே டீம், ஒரே ரூம். சரயேவோ வரைக்கும் வந்துதான் இதைப் பேசியிருக்கிறோம்.

பொங்கலுக்கு ஊருக்கு வந்ததும் ஒரு டூர் போட்டோம். கமுதிக்காரன் அப்பாவின் பழைய ஆம்னி வேன். கைடு என் தாய்மாமா, ரிட்டயர்டு வரலாற்று வாத்தியார். குடை இல்லை, துண்டு உண்டு. விஷயத்தைச் சொன்னதும் மாமா, "மாப்ள, ஒரு நாள்ல மூணு ராஜ்யம் காட்டுறேன் வா" என்றார். அவர் கணக்கு இது. 1899-ல் சிவகாசி திருநெல்வேலி மாவட்டம். கமுதியும் அருப்புக்கோட்டையும் மதுரை மாவட்டம், ஆனால் அதிகாரம் ராமநாதபுரம் ஜமீன் கையில். 1910-ல் ரெண்டு பக்கமும் வெட்டி ஒட்டி ராமநாதபுரம் மாவட்டம் வந்தது. 1985-ல் அதையும் மூன்றாகப் பிரித்தபோது நாங்கள் காமராஜர் மாவட்டம் ஆனோம். 1997-ல் விருதுநகர் மாவட்டம். எங்கள் ஆச்சி வீட்டைவிட்டு நகரவே இல்லை, மாவட்டம்தான் மாறிக்கொண்டே இருந்தது.

முதல் ஸ்டாப் சிவகாசி விஸ்வநாதசாமி கோயில். பத்தொன்பதாம் நூற்றாண்டில் தெற்கிலிருந்து மாட்டுவண்டியில் சரக்கு ஏற்றிக்கொண்டு வடக்கே வந்த நாடார் வியாபாரிகள் வழியில் பேட்டைகள் போட்டார்கள். சரக்கும் மாடும் ராத்திரி பத்திரமாக இருக்கச் சுவர் வைத்த வளாகம்தான் பேட்டை. அப்படி வளர்ந்த ஆறு ஊர்: சிவகாசி, விருதுநகர், திருமங்கலம், சாத்தங்குடி, பாலையம்பட்டி, அருப்புக்கோட்டை. விற்கிற சரக்குக்கு இவ்வளவு என்று மகமை பிடித்து, அந்தப் பணத்தில் கிணறு, சத்திரம், பள்ளிக்கூடம். கையில் காசு இருந்தது, கோயிலுக்குள் மட்டும் போகமுடியாது. சிவகாசி நாடார்கள் சிவன் கோயிலுக்குள் போகும் உரிமையைக் கேட்டார்கள். கோயிலைப் பூட்டிவிட்டார்கள். 1899 மே மாதமே சுற்றுவட்டாரத்தில் தீ வைப்பு ஆரம்பம். ஜூன் 6-ஆம் தேதி சுற்றியிருந்த கிராமங்களிலிருந்து ஆயிரக்கணக்கானோர் திரண்டு வந்து ஊரைத் தாக்கினார்கள். மறவர்கள் முன்னால், வேறு சாதிக்காரர்களும் கூட. நூற்றுக்கணக்கான வீடுகள் எரிந்தன. ரெண்டு பக்கமும் ஆட்கள் செத்தார்கள். கலவரம் மற்ற ஊர்களுக்கும் பரவியது. அப்புறம் கைது, விசாரணை, ஜெயில், தூக்கு. கமுதிக்காரன் வீட்டுக் 'கேசு' அதுதான்.

கோயில் வாசலில் நின்று தேடிப் பார்த்தேன். மேப் இல்லை, பிசின் இல்லை, கல்வெட்டு இல்லை. 1914 ஜூன் 28 தெரிந்த எனக்கு 1899 ஜூன் 6 அன்றைக்குத்தான் தெரியும்.

"ஏன் மாமா எங்களுக்கு இதை நடத்தலை?"

"கிளாஸ்ல ரெண்டு பக்கத்துப் பிள்ளையும் உக்காந்திருக்கும்ல மாப்ள. மணி அடிச்சதும் ஒரே பஸ்ல ஊருக்குப் போகணும்."

பஸ் என்றதும் ஞாபகம் வருகிறது. விருதுநகர் ரோட்டில் ஒரு கவர்மெண்ட் பஸ் எங்களை உரசிக்கொண்டு போனது. "இந்தப் பஸ்ஸுக்கும் ஒரு கதை இருக்கு" என்றார் மாமா. அப்போதெல்லாம் பல மாவட்டங்களுக்கும் போக்குவரத்துக் கழகங்களுக்கும் தலைவர்கள் பேர். 1997-ல் எங்கள் மாவட்டத்துக்குப் புதுசாக ஒரு கழகம் தொடங்கி, கட்டபொம்மனின் படைத்தளபதி வீரன் சுந்தரலிங்கம் பேரை வைத்தார்கள். அவர் தேவேந்திரர் சமூகம். அந்தப் பேர் எழுதின பஸ்ஸில் ஏறமாட்டோம் என்று ஒரு கூட்டம் கிளம்பியது. கல்வீச்சு, வெட்டு, துப்பாக்கிச் சூடு, தென் மாவட்டமே எரிந்தது. கடைசியில் அரசாங்கம் ஒரே வெட்டாக எல்லா மாவட்டத்திலிருந்தும், எல்லாக் கழகத்திலிருந்தும் தலைவர்கள் பேரை எடுத்துவிட்டது. காமராஜர் மாவட்டம் விருதுநகர் ஆனது அப்படித்தான். நான் பிறந்த வருஷம் அது. என் பர்த் சர்டிபிகேட்டில் காமராஜர், ஸ்கூல் டிசியில் விருதுநகர். ஏதோ ஆபீஸ் குளறுபடி என்று இவ்வளவு நாள் நினைத்திருந்தேன். லத்தீன் பாலத்தைப் பார்த்து "என்னடா இவனுக பேரை மாத்திக்கிட்டே இருக்கானுக" என்று சிரித்தவன் நான்.

விருதுநகரில் பொரிச்ச புரோட்டா சாப்பிட்டோம் (டூர் என்றால் இதுதான் டூர்). 1923 வரைக்கும் இந்த ஊர் விருதுபட்டி. காமராஜர் வீட்டைப் பார்த்துவிட்டு, அவர் படித்த சத்திரிய வித்யாசாலா வாசலில் வண்டியை நிறுத்தினோம். மகமையாலும், வீட்டுக்கு வீடு பெண்கள் எடுத்துவைத்த பிடி அரிசியாலும் வளர்ந்த பள்ளிக்கூடம். போர்டில் முதல் வார்த்தையைக் கவனி என்றார் மாமா. சத்திரியர்.

அந்த வார்த்தைக்கான விளக்கம் கமுதியில் இருக்கிறது என்று சொல்லி ஏற்றிவிட்டார். அருப்புக்கோட்டையும் பாலையம்பட்டியும் ஜன்னல் வழியாகத்தான் பார்த்தோம். அதற்கப்புறம் கரிசல், சீமைக்கருவேலம், கரிசல், சீமைக்கருவேலம்.

கமுதி மீனாட்சி சுந்தரேஸ்வரர் கோயில். 1897 மே மாதம் நாடார்கள் சிலர் உள்ளே போய்ப் பூஜை செய்தார்கள். கோயிலின் பரம்பரை அறங்காவலர் ராமநாதபுரம் ராஜா பாஸ்கர சேதுபதி. விவேகானந்தரைச் சிகாகோவுக்குப் போகத் தூண்டி உதவிய அதே ராஜாதான். 1897 ஜனவரியில் அவரைத் தன் மண்ணில் கொண்டாடி வரவேற்றவர், அதே வருஷம் மே மாதத்துச் சம்பவத்துக்காகக் கோர்ட்டுக்குப் போனார். 1899 ஜூலை 20-ல், சிவகாசி எரிந்து ஆறு வாரத்தில், நாடார்களுக்கு எதிராகத் தீர்ப்பு. ஹைகோர்ட்டும் அதையே சொன்னது. 1908-ல் லண்டன் பிரிவி கவுன்சிலும் அதையே உறுதி செய்தது. கமுதி கோயிலுக்குள் யார் போகலாம் என்று லண்டனில் உட்கார்ந்து முடிவெடுத்திருக்கிறார்கள்.

"கேஸ்ல நம்மாளுக என்ன வாதாடுனாங்க தெரியுமா?" என்றார் மாமா. "நாங்க பாண்டியர் வம்சம், சத்திரியர், அதனால விடுன்னு. எல்லாரும் மனுசன்தானேன்னு கேக்கலை. எங்களுக்குக் கீழ இருக்கவனை நிறுத்திக்கோ, எங்களை விடுன்னுதான் கேட்டோம். அதையும் சேத்து எழுது."

எழுதிவிட்டேன் மாமா. 1939 ஜூலை 8-ல் மதுரை மீனாட்சியம்மன் கோயிலுக்குள் வைத்தியநாத ஐயர் அழைத்துப் போனவர்களில் கக்கன் முதலான தாழ்த்தப்பட்டவர்களோடு, விருதுநகர் நகராட்சி உறுப்பினர் சண்முக நாடாரும் ஒருவர் என்பதையும் அவர்தான் சொன்னார். கமுதிக் கதவைத் தட்டி நாற்பத்திரண்டு வருஷம் கழித்து. இந்தத் தடவை சத்திரியர் என்று சொல்லிப் போகவில்லை.

நாங்கள் மூன்று பேரும் உள்ளே போய்க் கும்பிட்டுவிட்டு வந்தோம். தட்டில் பத்து ரூபாய் போட்டேன். யாரும் எதுவும் கேட்கவில்லை.

மதியச் சாப்பாடு கமுதிக்காரன் வீட்டில். அவன் அப்பத்தாவுக்குத் தொண்ணூறு தாண்டிவிட்டது, காது மந்தம். "எந்தூருப்பா நீயி?" என்றாள். சிவகாசி என்றேன். கேட்கவில்லை. கமுதிக்காரன் அவள் காதுக்குப் பக்கத்தில் போய், "சிவகாசி அப்பத்தா, சி-வ-கா-சி" என்று கத்தினான். எனக்குத் திக்கென்றது. மாமா துண்டைத் தோளில் சரிசெய்துகொண்டார்.

கிழவி என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

"வெறுங்கையோடவா வந்த? ரெண்டு பெட்டி மத்தாப்பு கொண்டாந்திருக்கலாம்ல?"

ஆறு ஊரில் திருமங்கலமும் சாத்தங்குடியும் பாக்கி. சித்திரையில் லீவு கிடைத்தால் போவதாக ஐடியா. அந்தப் பக்கத்துப் பதிவர்கள் யாராவது வர்றதா இருந்தா சொல்லுங்க. வண்டியில் ரெண்டு சீட் காலி, புரோட்டா என் செலவு. மத்தாப்பு இந்தத் தடவை மறக்காமல் எடுத்துக்கொள்கிறேன்.