ஆர்கேட் விளையாட்டு மீட்பு

காசு போட்டு ஆடும் பழைய வீடியோ கேம் பெட்டிகளின் சில்லுகளில் உள்ள நிரலைப் படியெடுத்து, இன்றைய கணினியில் மறுபடி ஆடவைக்கும் பணி. டைட்டோவின் ஸ்பேஸ் இன்வேடர்ஸ் (1978), நாம்கோவின் பேக்மேன் (1980) போன்றவை இப்படிக் காப்பாற்றப்பட்டவை.

இப்பணி இரண்டு கட்டம் கொண்டது: நிரலை எடுப்பது, அதை ஓடவைப்பது. அதை விளக்கச் சிதம்பரத்து மரபுக்கதையே போதும். தில்லைக் கோயிலின் பூட்டிய அறையில் தேவார ஏடுகள் கரையான் புற்றுக்குள் கிடந்தன. நம்பியாண்டார் நம்பியும் சோழ மன்னனும் எண்ணெய் வார்த்துப் புற்றை நீக்கி எஞ்சியதை எடுத்தார்கள் என்கிறது திருமுறை கண்ட புராணம். பாட்டு கிடைத்தது, பண் கிடைக்கவில்லை. இன்று கடலூர் மாவட்டத்தில் உள்ள எருக்கத்தம்புலியூரைச் சேர்ந்த, திருநீலகண்ட யாழ்ப்பாணர் வழிவந்த பெண் ஒருவர் வகுத்துக் கொடுத்த பிறகே பதிகங்களுக்குப் பண் அமைந்ததாம்.

ஆர்கேட் பெட்டிக்கு ஏடு, ரோம் சில்லு. 1980களில் பரவலாக இருந்த ஈப்ரோம் வகை, தரவை மின்னேற்றமாகத் தேக்கி வைக்கிறது. ஆண்டுகள் போகப் போக அது கசியும். மேலே ஒட்டிய தாள் உரிந்து வெயில் பட்டால் இன்னும் சீக்கிரம் அழியும். கெப்பாசிட்டர் ஒழுகும். கடலூர் போன்ற கரையோர ஊர்களின் உப்புக்காற்றில் பலகையின் செப்புத் தடங்களில் பச்சை பூக்கும்.

கெடாத ரோமைப் படியெடுப்பது எளிது. பண்ணை, அதாவது அந்த நிரலை ஓடவைத்த வன்பொருளின் நடத்தையை, மீட்பதில்தான் உண்மையான உழைப்பு இருக்கிறது. பேக்மேனின் இசட்80 செயலி நொடிக்கு 30.72 லட்சம் முறை துடிக்கும். அந்தத் தாளத்தையும் ஒலிச்சுற்று, படச்சுற்று ஆகியவற்றின் நடத்தையையும் மென்பொருளால் அப்படியே நடித்துக் காட்ட வேண்டும். அப்படி நடிப்பதே எமுலேட்டர். இத்தாலியரான நிக்கோலா சால்மோரியா 1997 பிப்ரவரி 5 அன்று வெளியிட்ட மேம் என்ற எமுலேட்டர், பல நாட்டுத் தன்னார்வலர்களின் கைபட்டு ஆயிரக்கணக்கான விளையாட்டுகளைத் தாங்கும் அளவுக்கு வளர்ந்தது. 2016இல் திறமூல உரிமத்துக்கு மாறியது. விளையாட்டுகளின் பதிப்புரிமை அந்தந்த உரிமையாளர்களிடமே இருப்பதால், வணிக ரோம்கள் மேமுடன் வருவதில்லை.

மிகக் கடினமான பூட்டு ஒன்று கேப்காம் நிறுவனம் 1993இல் கொண்டுவந்த சிபிஎஸ்-2 பலகையில் இருந்தது. நிரல் மறையாக்கப்பட்டிருந்தது, அதன் திறவுகோல் பேட்டரி உயிர் கொடுக்கும் நினைவகத்தில் இருந்தது. பேட்டரி தீர்ந்தால் ஆட்டமும் தீர்ந்தது. ஆர்வலர்கள் அதைத் தற்கொலை பேட்டரி என்றே அழைத்தார்கள். 2001இல் ஒரு குழு, உயிரோடிருந்த பலகைகளை ஓடவிட்டே நிரலைப் பிரித்தெடுக்கத் தொடங்கியது. ஆன்ட்ரியாஸ் நைவ் என்பவரும் சால்மோரியாவும் 2007இல் மறையாக்க முறையையே கண்டறிந்தார்கள். 2016இல், செத்த பலகைகளுக்குள் திறவுகோலைத் திரும்ப எழுதும் வழியும் வெளியானது. அணைந்து கிடந்த அசல் பெட்டிகள் தங்கள் சொந்தச் சில்லுகளிலேயே மீண்டும் ஓடின.