மேஸ்திரி முதல் எச்.ஆர். வரை

போன வருஷம் ஒரு கம்பெனியில் என்னை வேலையைவிட்டு அனுப்பினாங்க. எச்.ஆர்.கிட்ட, "நீங்க எங்க பக்கம்தானே?"ன்னு கேட்டேன். பதில் வரலை, பேப்பரை நீட்டினாங்க.

நூறு வருஷம் முன்னாடி மில்களில் எச்.ஆர். கிடையாது. சென்னையில் மேஸ்திரி, பம்பாயில் ஜாபர். ஆள் எடுப்பது, வேலை வாங்குவது, துரத்துவது எல்லாம் ஒரே கையில். வேலை கிடைக்கவும் மாமூல், நிலைக்கவும் மாமூல். (ரெஃபரல் போனஸ் நமக்கு வருது, அப்போ அது மேஸ்திரிக்குப் போச்சு.) விட்லி தலைமையிலான ராயல் கமிஷன் 1931-ல் சொன்னது: ஆள் எடுக்கும் அதிகாரத்தை இவர்களிடமிருந்து எடுத்து, தொழிலாளர் அதிகாரியிடம் கொடுங்கள்.

1948 தொழிற்சாலைகள் சட்டம், பிரிவு 49: 500 தொழிலாளர்களோ அதற்கு மேலோ இருந்தால் நல அலுவலர் கட்டாயமா இருந்தது. ஆனா அவருக்குச் சம்பளம் கொடுப்பது? நிர்வாகம்! எனக்கு ஏன் பதில் வரலைன்னு இங்கேதான் புரிஞ்சது. நம்ம ஐடி ஆஃபீஸ் அந்தச் சட்டத்தில் தொழிற்சாலையாவே இருக்கலை, அது வேற கதை.

இப்போ ரெஸ்யூமை முதலில் படிப்பது சாஃப்ட்வேர். அப்படி ஒரு ஃபில்டரை நானும் எழுதியிருக்கேன். யாரை ஏன் தள்ளுச்சுன்னு பார்க்க ஒரு லாக்கூட வைக்கலை.