எங்கே நிகழ்ந்தது?

அக்கரப்பத்தனைக்கு அப்பால், ஹோட்டன் சமவெளிக்கு அருகே அமைந்துள்ளது டயகம. அங்கே தேயிலை மலையில் கொழுந்து பறிக்கும் பெண்ணொருவரைக் குளவிகள் கொட்டிவிடுகின்றன எனக் கொள்வோம். அவரை வைத்தியசாலைக்குக் கொண்டுசெல்கின்றனர். "எங்கே நிகழ்ந்தது?" என்று கேட்பவருக்குத் துணைக்கு வந்தவர்கள் "தோட்டத்தில்" என்று விடை கூறுகின்றனர். அவ்விடை பொய்யன்று, ஆயினும் போதுமானதுமன்று. மலையகத்தில் தோட்டம் என்பது தொழில் செய்யும் இடம் மட்டுமோ? குடியிருக்கும் லயமும், குழந்தைகளை விட்டுச்செல்லும் பிள்ளைக்காம்பராவும், பாடசாலையும், ஸ்டோர் எனப்படும் தொழிற்சாலையும், பாதையும் அவ்வொரு சொல்லுள் அடங்கிவிடுகின்றன.

இடத்தைக் குறியாமையால் விளையும் கேட்டை மலையக மக்களின் வரலாறே காட்டும். கோப்பிக் காலத்தில் தமிழகத்திலிருந்து வந்தோர் மன்னார்க் கரையில் இறங்கி, காட்டுவழியே மாத்தளை வரை கால்நடையாக நடந்தனர். வாந்திபேதியும் அம்மையும் காய்ச்சலும் பசியும் வழியெங்கும் உயிர்களைக் கவர்ந்தன. மாண்டவர் எத்தனை பேர் என்பது குறித்து ஆய்வாளர்கள் இன்றும் ஒருமித்த முடிவுக்கு வரவில்லை. யார், எங்கே, எதனால் இறந்தார் என முறையாக எழுதிவைப்பார் அன்று இலர் என்பதே அதற்குக் காரணம்.

ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையில் தேயிலை பயிரிடத் தொடங்கிய 1867 ஆம் ஆண்டிலேயே இலங்கையில் பிறப்பு இறப்புகளைப் பதியும் சட்டமும் தோன்றியது. தோட்டத் தொழிலாளரின் மருத்துவத் தேவைகளுக்கென 1872 இல் ஒரு சட்டம் பிறந்தது. 1912 இல் அது புதுக்கி இயற்றப்பட்டது. நோயும் சாவும் இவ்வாறு ஏட்டில் ஏறலாயின.

உலக அரங்கிலோ, மரணக் காரணங்களை எல்லா நாடுகளும் ஒரே முறையில் வகுத்து எழுதவேண்டும் என்ற கருத்து வலுப்பெற்றுவந்தது. இங்கிலாந்தின் வில்லியம் பார் அதற்கு வழிவகுத்தார். பாரிஸ் நகரப் புள்ளிவிவர அறிஞர் பெர்ட்டிலோன் 1893 இல் சிக்காகோவில் ஓர் அட்டவணையை முன்வைத்தார். அது பலமுறை திருத்தம் பெற்று வளர்ந்தது. 1948 இல் உலக சுகாதார தாபனத்தின் பொறுப்பில் வெளிவந்த ஆறாம் திருத்தம், மரணத்தோடு நோயையும் காயத்தையும் தன்னுள் அடக்கியது. காயத்துக்கு இரு குறியீடுகள் வழங்கியது அதன் சிறப்பாகும். உடலுக்கு நேர்ந்த கேடு யாது என்பதை ஒன்று கூறும். அக்கேட்டை விளைத்த புறக்காரணம் யாது என்பதை மற்றொன்று கூறும். கால் முறிந்தது என்பது முதலாவது. வழுக்கி வீழ்ந்தது என்பது இரண்டாவது.

நிகழ்ந்த இடத்தையும் உடன் குறிக்கவேண்டும் என்பது இதன் தொடர்ச்சியே. 1990 இல் ஏற்கப்பட்டு 1994 முதல் வழக்குக்கு வந்த பத்தாம் திருத்தத்தில், புறக்காரணக் குறியீட்டின் இறுதியில் இடத்தைக் காட்டும் ஓர் இலக்கம் சேர்க்கப்பட்டது. 0 என்றால் வீடு. 2 என்றால் பாடசாலை முதலிய பொது நிலையம். 4 தெருவும் நெடுஞ்சாலையும். 6 தொழிற்சாலையும் கட்டுமான இடமும். 7 பண்ணை நிலம். 9 என்றால் இடம் குறிப்பிடப்படவில்லை. 2022 இல் நடைமுறைக்கு வந்த பதினோராம் திருத்தத்திலும் இடத்துக்கெனத் தனிக் குறியீடுகள் உள.

இவ்வளவுகோலை டயகமவில் பொருத்திப் பார்க்கலாம். குளவி கொட்டுக்குரிய குறியீடு எக்ஸ் 23. கொழுந்து பறிக்கையில் கொட்டினால் அதன்பின் 7 சேரும். லயத்து வாசலில் கொட்டினால் 0. பாடசாலை முற்றத்தில் கொட்டினால் 2. பயிர்நிலம் பண்ணையாகக் கொள்ளப்படினும், அதனைச் சார்ந்த குடியிருப்பு வீடாகவே கொள்ளப்படும் என்று விதி தெளிவாகக் கூறுகிறது. ஸ்டோரின் இயந்திரத்தில் கை சிக்கினால் இலக்கம் 6 ஆகும். ஒரே தோட்டம், இலக்கங்களோ பல.

இலக்கம் மாறினால் என்ன என்று கேட்கலாம். இலக்கம் மாறினால் பரிகாரமும் மாறும், பொறுப்பும் மாறும். மலையில் குளவி கொட்டுகிறது என்று ஏடு காட்டினால், வேலைக்குமுன் கூடுகளைக் கண்டு அகற்றும் கடமை நிருவாகத்தைச் சாரும். லயத்தில் தீக்காயம் மிகுந்தால், அடுப்படியையும் நெருங்கிய சுவர்களையும் குறித்துச் சிந்திக்கவேண்டும். 2014 அக்டோபர் 29 ஆம் நாள், பதுளை மாவட்டத்துக் கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. வீட்டிலிருந்தபடியே மாண்டவர்களைத் 'தோட்டத்தில் மாண்டோர்' என்று மட்டும் எழுதினால், அது தொழில் விபத்துப் போலத் தோன்றும். உண்மையில் அது குடியிருப்பு அமைந்த நிலத்தைப் பற்றிய வினா. பாதுகாப்பான காணியும் வீடும் பற்றிய வினா.

இலங்கையின் அரச வைத்தியசாலைகளில் அனுமதிக்கப்படுவோரின் காரணங்களுள் காயங்கள் பல்லாண்டுகளாக முதலிடம் வகித்துவருகின்றன. ஆகவே இடத்தை எழுதும் சிறு கட்டம் நாடு முழுமைக்கும் பயன்தருவது. இடம் தெரியாதபோது 9 என்று எழுத விதி இடங்கொடுக்கிறது. கேட்டால் தெரியக்கூடியதைக் கேளாமலே 9 என்று எழுதுவதற்கு அவ்விதி சாக்காகலாகாது.

தோட்டத்துச் செக்ரோல், ஒவ்வொரு தொழிலாளியும் எந்நாள் என்ன வேலைக்குச் சென்றார், எவ்வளவு கொழுந்து பறித்தார் என்பதைத் தவறாது எழுதிவைக்கும். சம்பளக் கணக்குக்கு அத்துணை நுட்பம் வேண்டுமாயின், அவருடைய உடலுக்கு ஊறு நேர்ந்த இடத்தை எழுதுவதிலும் அதே நுட்பம் வேண்டும். துணைக்குச் செல்வோர் "தோட்டத்தில்" என்று நிறுத்தாமல், மலையிலா, லயத்திலா, ஸ்டோரிலா, பாதையிலா என்று சொல்லலாம். எழுதுபவரும் கேட்டு எழுதலாம். மன்னார்ப் பாதையில் மாண்டோரின் தொகையை இனி எவராலும் எழுதமுடியாது. அவர்தம் சந்ததியாருக்கு நேர்வதையேனும் இடங்குறித்து எழுதிவைப்பது இயலக்கூடிய செயலே.