அடாச்சி, மசாவோ

மசாவோ அடாச்சி (பி. 1939) ஜப்பானியத் திரைக்கதையாசிரியர், இயக்குநர். ஃபுகுவோகா மாகாணத்துக்காரர். நிஹோன் பல்கலைக்கழகத்தில் படிக்கும்போதே சோதனைப் படங்கள் எடுத்தவர்.

1960களின் நடுவில் இயக்குநர் கோஜி வாகமட்சுவுடன் சேர்ந்தார். குறைந்த செலவில், சில நாட்களிலேயே முடிக்கப்படும் ‘பிங்க்’ எனும் பாலியல் படங்களுக்குள் இருவரும் அரசியலைக் கொண்டுவந்தார்கள். ‘கரு ரகசியமாக வேட்டையாடுகிறது’ (1966) கதையில் முதலாளி ஒருவன் தன் கடைப்பெண்ணை வீட்டில் அடைத்து வதைக்கிறான். கடைசியில் கத்தி அவள் கைக்கு வருகிறது. இத்தகைய வன்முறைக் காட்சிகள் இன்றும் கடும் விமர்சனத்துக்குள்ளாகின்றன; அது நியாயமே. இயக்குநர் ஓஷிமாவின் ‘ஷின்ஜுகு திருடனின் நாட்குறிப்பு’ படத்துக்கும் அடாச்சி எழுதினார்.

அவர் பங்கேற்ற படைப்புகளில் தலையாயது ‘ஏ.கே.ஏ. தொடர் கொலைகாரன்’ (1969). நால்வரைச் சுட்டுக்கொன்ற 19 வயது நோரியோ நாகயாமாவைப் பற்றிய ஆவணப்படம் இது. ஆனால் திரையில் அவன் முகமே வராது. அவன் வாழ்ந்த, கடந்த ஊர்களின் தெருக்கள், ரயில் நிலையங்கள், துறைமுகங்கள் மட்டுமே வரும். எங்கும் ஒரே சாயலில் அமைந்த அந்த நிலக்காட்சியையே அதிகாரத்தின் முகமாகக் காட்டிய துணிச்சல் அசாதாரணமானது.

1971இல் வாகமட்சுவுடன் பாலஸ்தீனப் போராளிகளைப் படமெடுத்த அடாச்சி, 1974இல் லெபனான் சென்று ஜப்பானிய செம்படை எனும் இடதுசாரி ஆயுதக் குழுவில் இணைந்தார். 1997இல் அங்கே கைதானார். 2000இல் ஜப்பானுக்கு அனுப்பப்பட்டார். ஜப்பானின் முன்னாள் பிரதமர் ஷின்சோ அபேயின் கொலையை ஒட்டிய ‘ரெவல்யூஷன்+1’ (2022) அவர் பின்னாளில் இயக்கிய படங்களில் ஒன்று. அதன் முதல் வடிவம் அபேயின் அரசு இறுதிச் சடங்கையொட்டித் திரையிடப்பட்டது.