மச்சில் படுத்துறங்கிய கூலியாள் மகன்

ஜேம்ஸ் குக்கைப் பற்றிப் பள்ளிக்கூடத்தில் நமக்குச் சொல்லித் தந்தது ஒரே வரி: ஆஸ்திரேலியாவைக் கண்டுபிடித்தவர். அந்த ஒரு வரியும் தப்பு. பூர்வகுடி மக்கள் அங்கே ஐம்பதாயிரம் ஆண்டுகளாவது வாழ்ந்திருக்கிறார்கள். ஐரோப்பியர் கணக்கையே எடுத்துக்கொண்டாலும் டச்சுக்காரர்கள் 1606இலேயே அங்கே கரை இறங்கிவிட்டார்கள். குக் 1770இல் போய்ச் சேர்ந்தது அதன் கிழக்குக் கரைக்கு.

பள்ளிக்கூடம் சொல்லாமல் விட்ட செய்தி வேறொன்று உண்டு. குக் ஒரு பண்ணைக் கூலியாளின் மகன். இது தெரிந்த பிறகுதான் அவருடைய அருங்காட்சியகத்தைப் பார்க்க வேண்டும் என்ற ஆசையே எங்களுக்கு வந்தது. சமூகப்பணிப் பயிலரங்கு ஒன்றுக்காக இங்கிலாந்தின் லீட்ஸ் நகரத்துக்குப் போயிருந்தோம். ஒரு நாள் ஓய்வு கிடைத்தது. மூன்று பேராகப் பேருந்து ஏறி, மரமே இல்லாத மேட்டு நிலங்களைக் கடந்து விட்பி துறைமுகத்துக்குப் போய்ச் சேர்ந்தோம்.

சின்ன ஊர்தான். எஸ்க் ஆறு கடலில் கலக்கும் இடம். ஒரு கரையில் 199 படி ஏறினால் இடிந்த மடாலயம். எதிர்க்கரை மேட்டில் திமிங்கிலத் தாடையெலும்பில் ஒரு வளைவு, பக்கத்தில் குக்கின் வெண்கலச் சிலை. நாங்கள் தேடிப்போன வீடு கிரேப் லேன் என்ற குறுகிய சந்தில் இருக்கிறது. வாசலில் 1688 என்று பொறித்திருக்கிறார்கள். வீட்டின் பின்பக்கம் நேராகத் துறைமுகத்தைப் பார்க்கிறது. கப்பல் முதலாளி ஜான் வாக்கரின் வீடு அது. அவர் குவேக்கர் சமயத்தவர். தொழில் பழக வந்த பையன்களோடு பையனாக குக்கும் இந்த வீட்டு மச்சில்தான் படுத்துறங்கினார் என்று அருங்காட்சியகம் சொல்கிறது.

கீழ்த்தளத்து அறைகளில் அந்தக் காலத்து மேசை, நாற்காலிகளைப் போட்டு வைத்திருக்கிறார்கள். எங்கள் கால்கள் தாமாகவே மச்சுக்குத்தான் போயின. சாய்ந்த கூரை, தடித்த உத்தரங்கள், சிறிய சன்னல். வீட்டு வேலைகளைப் பார்த்துக்கொண்ட மேரி பிரவுட் என்ற அம்மா, இரவில் படிப்பதற்காக குக்குக்கு ஒரு மேசையும் மெழுகுவத்தியும் தந்தாராம். பிற்காலத்தில் பேர்பெற்ற கேப்டனாக குக் திரும்பி வந்தபோது, மரியாதை முறை எல்லாம் மறந்து, பழைய பையனைப் பார்த்த மாதிரியே கட்டிக்கொண்டாராம். கதை எவ்வளவு உண்மையோ, மேசையும் மெழுகுவத்தியும் எங்களைத் தொட்டுவிட்டன. தெருவிளக்கில் படித்த முதல் தலைமுறைப் பிள்ளைகள் நம்மில் எத்தனை பேர்!

குக்கின் வாழ்க்கையை அப்படியே சொல்லிவிடுகிறோம். 1728இல் யார்க்‌ஷயரில் மார்ட்டன் என்ற ஊரில் பிறந்தார். அப்பா வேலை பார்த்த பண்ணையின் நிலக்கிழார் தாமஸ் ஸ்காட்டோவ் பள்ளிச் செலவைக் கொடுத்தார். பிறகு கடலோரக் கிராமம் ஒன்றில் கடைப்பையன் வேலை. 1746இல் வாக்கரிடம் மூன்றாண்டுத் தொழில் பழகும் ஒப்பந்தம். டைன் ஆற்றுப் பக்கத்திலிருந்து லண்டனுக்கு நிலக்கரி ஏற்றிப் போகும் கப்பல்களில் வேலை. 1755இல் வாக்கர் ஒரு கப்பலையே அவர் பொறுப்பில் தருவதாகச் சொன்னார். குக் அதை விட்டுவிட்டு அரசுக் கடற்படையில் சாதாரண மாலுமியாகச் சேர்ந்தார். கனடாக் கரையோரங்களை அளந்து வரைபடம் போட்டதில்தான் பெயர் வந்தது.

1768இல் பசிபிக் கடலுக்கு ஒரு பயணம் திட்டமானது. சூரியனை வெள்ளிக்கோள் கடப்பதை தாஹித்தித் தீவிலிருந்து அளப்பது வெளிப்படையான நோக்கம். தென்கண்டத்தைத் தேடுவது ரகசிய உத்தரவு. ராயல் சொசைட்டி இதற்குத் தலைவராக விரும்பியது அலெக்சாண்டர் டால்ரிம்பிளை. அவர் நம் சென்னையில் கிழக்கிந்தியக் கம்பெனி எழுத்தராக வேலை தொடங்கிய மேட்டுக்குடி ஸ்காட்லாந்துக்காரர். கடற்படையோ தன் ஆளிடம்தான் கப்பலைத் தருவேன் என்று நின்றது. 39 வயது வரை அதிகாரிப் பட்டம் இல்லாமல் இருந்த கூலியாள் மகனுக்கு அப்போதுதான் லெப்டினன்ட் பதவி வந்தது.

கப்பலின் கதையும் கிட்டத்தட்ட இதேதான். எண்டெவர் என்று பெயர் மாற்றப்பட்ட அந்தக் கப்பல் விட்பியில் கட்டிய பழைய கரிக்கப்பல். அழகில்லாதது, மெதுவாகப் போவது. ஆனால் தட்டையான அடிப்பாகம். நிறையச் சரக்கு பிடிக்கும். தரை தட்டினாலும் நிமிர்ந்து நிற்கும், கரையில் ஏற்றிப் பழுது பார்க்கலாம். பவளப் பாறையில் மோதி ஓட்டை விழுந்தபோது அதுதான் எல்லோரையும் காப்பாற்றியது. குக்கின் மூன்று பயணங்களுக்கும் போன நான்கு கப்பல்களும் இந்த ஊரில் கட்டியவை. கரி சுமந்த உடம்புதான் உலகத்தைச் சுற்றி வந்தது என்று நாங்கள் பெருமையாகப் பேசிக்கொண்டே படி இறங்கினோம்.

கூடவே ஏக்கமும் இருந்தது. அதே காலத்தில் தஞ்சைப் பண்ணையாள் ஒருவரின் மகன் திண்ணைப் பள்ளிக்கூடத்தின் திண்ணையை மிதித்திருக்க முடியுமா? சாதி என்பது வேலைகளைப் பிரிப்பதோடு நிற்பதில்லை, வேலை செய்கிறவர்களையே பிரித்து வைக்கிறது என்று அண்ணல் அம்பேத்கர் 1936இல் எழுதினார். இங்கிலாந்தின் வர்க்கச் சுவர் உயரமானதுதான். ஆனாலும் நிலக்கிழார் ஒருவர் மனது வைத்தால் ஏறுவதற்கு ஒரு படி இருந்தது. நமக்குப் படியே கட்டப்படவில்லை. குக்கை நம்மவராகச் சொந்தம் கொண்டாட எங்களுக்குத் தோன்றியது இதனால்தான். தோழர்களிடம் மறைக்க என்ன இருக்கிறது.

ஆனால் அவர் ஏறிய ஏணியின் கீழ்ப்படியில் யார் இருந்தார்கள் என்று பார்க்காமல் வந்தால் நாம் படித்த சமூகவியல் வீண்.

எண்டெவரில் ஜோசப் பேங்க்ஸ் என்ற பெரும் பணக்கார இளைஞர் தன் செலவில் ஆய்வாளர்களையும் ஓவியர்களையும் பணியாளர்களையும் கூட்டிக்கொண்டு ஏறினார். பணியாளர் நால்வரில் தாமஸ் ரிச்மண்ட், ஜார்ஜ் டோர்ல்டன் இருவரும் கறுப்பினத்தவர். 1769 ஜனவரியில் கப்பல் தென்னமெரிக்காவின் தென்முனையில் நின்றது. பேங்க்ஸ் செடி சேகரிக்க மலையேறினார். வழியில் பனி கொட்டியது. உடம்பு விறைத்து முதலில் படுத்தவர்களில் இயற்கையியலாளர் சோலாண்டரும் உண்டு, ரிச்மண்டும் உண்டு. சோலாண்டரை எழுப்பி, கெஞ்சி, தீ மூட்டிய இடத்துக்குக் கொண்டு சேர்த்தார்கள். ரிச்மண்டுக்குக் காவலாக டோர்ல்டனையும் ஒரு மாலுமியையும் விட்டுவிட்டுப் போனார்கள். நேர்மையாகச் சொல்ல வேண்டும், பிறகு போய்த் தூக்கிவரவும் முயன்றார்கள். முடியவில்லை. இருவரையும் மரக்கிளைகளால் மூடிவிட்டுத் திரும்பினார்கள். விடிந்தபோது இருவரும் பிணம்.

இருவரும் ரம் குடித்திருந்தார்கள், அதனால் செத்தார்கள். பயணக் குறிப்பு தரும் விளக்கம் இது. குடித்தது உண்மையாகவே இருக்கலாம். எங்களை உலுக்கியது அந்த வாக்கியத்தின் பழக்கம். மலக்குழியில் இறங்கி விஷவாயுவில் செத்தவரின் வீட்டுக்கு நாங்கள் போகும்போதெல்லாம் யாரோ ஒரு அதிகாரி எங்களுக்கு முன்னால் வந்து சொல்லிவிட்டுப் போயிருப்பார்: “ஆள் குடிச்சிருந்தானாம்.” குழியில் இறக்கியது யார் என்ற கேள்வி அத்தோடு மூடப்படும். கையால் மலம் அள்ளுவதைத் தடை செய்யும் சட்டம் 2013இலேயே வந்துவிட்டது. இழப்பீட்டை 30 லட்சமாக உயர்த்தி உச்ச நீதிமன்றம் 2023இல் தீர்ப்பும் சொல்லிவிட்டது. இழப்பீட்டு மனுவோடு அலையும்போது இன்றும் முதலில் தாண்ட வேண்டியது அந்த ஒரு வாக்கியத்தைத்தான். பனியில் மலையேறச் சொன்னது யார் என்று 1769ஐப் பார்த்துக் கேட்க எங்களுக்குக் கற்றுத் தந்தது இந்த வேலைதான்.

அடுத்து துப்பையா. ராயாட்டியா தீவைச் சேர்ந்த கடல்வழி அறிஞர். 1769 ஜூலையில் தாஹித்தியிலிருந்து எண்டெவரில் ஏறினார். குக் முதலில் அவரை ஏற்றத் தயங்கினார். பேங்க்ஸ்தான் பொறுப்பேற்றார். ஏன் தெரியுமா? ஊரில் தன் அக்கம்பக்கத்துச் செல்வந்தர்கள் சிங்கமும் புலியும் வளர்க்கிறார்களே, அதுபோல இவரையும் ஓர் அபூர்வப் பொருளாக வைத்துக்கொள்ளலாம் என்று அவரே நாட்குறிப்பில் எழுதியிருக்கிறார். அந்த ‘அபூர்வப் பொருள்’ தன் நினைவிலிருந்து எழுபதுக்கும் மேற்பட்ட தீவுகளுக்கு வரைபடம் போடச் செய்தது. நியூசிலாந்தில் மாவோரிகள் பேசிய மொழி அவருக்குப் புரிந்தது. அவர் மட்டும் இல்லாவிட்டால் அங்கே செத்தவர்களின் எண்ணிக்கை இன்னும் கூடியிருக்கும்.

அந்தப் பயணத்து ஓவியங்களில் ஒன்றில் ஒரு மாவோரியும் ஓர் ஆங்கிலேயரும் நண்டினத்துப் பெரிய இறாலுக்குத் துணியைப் பண்டமாற்று செய்கிறார்கள். வரைந்தவர் பெயர் தெரியாமலே அது இரண்டு நூற்றாண்டுகளுக்கு மேல் கிடந்தது. வரைந்தது துப்பையா என்று பேங்க்ஸ் 1812இல் எழுதிய கடிதம் ஒன்று 1997இல் கண்ணில் பட்ட பிறகுதான் தெரிந்தது. துப்பையா ஊர் திரும்பவில்லை. இன்றைய ஜகார்த்தாவான பட்டேவியாவில் 1770 இறுதியில் நோயில் இறந்தார். உடன் வந்த தாயாட்டா என்ற சிறுவனும் அங்கேயே இறந்தான்.

இங்கே ஒன்றைச் சொல்லாமல் விடக் கூடாது. துப்பையா தன் மண்ணில் ஒடுக்கப்பட்டவர் அல்ல. மரியாதைக்குரிய பூசாரி மரபு அவருடையது. அதை மறைத்து அவரை நம் வசதிக்கு ஏற்ப வளைத்தால், அரசவைப் புலவர்கள் செய்த வேலையைத்தான் நாமும் செய்தவர்களாவோம்.

குக்கின் கையில் இருந்த தாள்களைப் பற்றியும் கொஞ்சம் பேச வேண்டும். ராயல் சொசைட்டியின் தலைவர் மார்ட்டன் பிரபு அவருக்கு அறிவுரைக் குறிப்பு ஒன்று எழுதித் தந்திருந்தார். நிலம் அங்கே வாழும் மக்களுடையது, அவர்களே அதன் சட்டப்படியான உரிமையாளர்கள், அவர்களின் ரத்தம் சிந்துவது பெருங்குற்றம் என்று அதில் தெளிவாக இருந்தது. இடங்களை எடுப்பதானால் அங்குள்ளவர்களின் சம்மதத்தோடு எடு என்று கடற்படையின் ரகசிய உத்தரவிலும் இருந்தது. ‘அந்தக் காலத்து மனிதரை இந்தக் காலத்து அளவுகோலால் அளக்காதீர்கள்’ என்று சொல்பவர்களுக்கு இதுவே பதில். அளவுகோல் அந்தக் காலத்திலேயே அவர் பையில் இருந்தது.

1769 அக்டோபரில் நியூசிலாந்தில் கரை இறங்கிய முதல் நாளே தே மாரோ என்ற மாவோரி சுட்டுக் கொல்லப்பட்டார். அடுத்த நாள் இன்னும் சிலர். மனிதநேயம் உள்ளவர்கள் தன்னைக் கண்டிப்பார்கள் என்று குக்கே நாட்குறிப்பில் எழுதினார். மனசாட்சி இல்லாதவர் அல்ல அவர். வேண்டிய பொருள் எதுவும் கிடைக்கவில்லை என்பதால் அந்த விரிகுடாவுக்கு வறுமை விரிகுடா என்று பெயர் வைத்தார். 250 ஆண்டு கழித்து, 2019 அக்டோபரில், பிரிட்டிஷ் தூதர் அங்கே போய் மாவோரிகளிடம் வருத்தம் தெரிவித்தார். வருத்தம்தான். மன்னிப்பு என்ற சொல் அதில் இல்லை.

1770 ஏப்ரலில் ஆஸ்திரேலியாவின் இன்றைய சிட்னிக்கு அருகே, குவீகல் மக்களின் காமே விரிகுடாவில் இரண்டு பேர் ஈட்டியோடு கரையில் நின்று, இறங்காதே என்றார்கள். குக் தானே துப்பாக்கியை எடுத்துச் சுட்டார். ஒருவருக்குக் காயம். பிறகு குடிசைக்குள் போனால் சில குழந்தைகள் மட்டும் இருந்தார்கள். அவர்களிடம் பாசிமணிகளை வைத்துவிட்டு, கண்ணில் பட்ட ஈட்டிகளை, நாற்பதுக்குக் குறையாமல், அள்ளிக்கொண்டு வந்தார்கள். அந்த ஆகஸ்டு 22ஆம் தேதி ஒரு சிறு தீவில் கொடியேற்றி முழுக் கிழக்குக் கரையையும் மன்னர் பேரில் எடுத்துக்கொண்டதாக குக் அறிவித்தார். யாருடைய சம்மதமும் கேட்கவில்லை. அதே நாட்களில்தான் நாட்குறிப்பில், இந்த மக்கள் ஐரோப்பியரான நம்மைவிட மகிழ்ச்சியாக வாழ்கிறார்கள், ஏற்றத்தாழ்வு இவர்களின் அமைதியைக் கெடுக்கவில்லை என்றும் எழுதினார். மச்சில் படுத்துறங்கிய பையன் எழுதக்கூடியதுதான் அது. எழுதிய கையே கொடியையும் ஏற்றியது. அடுத்த பதினெட்டாவது ஆண்டில், 1788இல், கைதிகளை ஏற்றிய கப்பல்கள் வந்து சேர்ந்தன.

மாலைப் பேருந்துக்கு நேரமானதால் மேட்டில் இருந்த சிலையைக் கிட்டப் போய்ப் பார்க்க முடியவில்லை. பேருந்தில் மூவருக்கும் வாக்குவாதம். ‘கீழிருந்து மேலே போன ஒருவரை இவ்வளவு கேள்வி கேட்கிறோமே, பிரபு வீட்டுப் பேங்க்ஸை இதில் பாதியாவது கேட்டோமா’ என்றார் எங்களில் ஒருவர். நியாயமான கேள்விதான். பேங்க்ஸைப் பற்றித் தனியாக எழுத வேண்டும்.

காமேயில் அள்ளிய ஈட்டிகளில் நான்கு 1771 முதல் கேம்பிரிட்ஜின் டிரினிட்டி கல்லூரி வசம் இருந்தன. லா பெரூஸ் பூர்வகுடிச் சமூகம் பல ஆண்டுகள் விடாமல் கேட்டது. 2024இல் அந்த நான்கும் அவர்கள் கைக்குத் திரும்பிவிட்டன.